நிலம் அரசுக்குப் போகிறது, நியாயமான பணம் கிடைக்குமா? – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

தமிழ்நாட்டில் ரோடு, சிப்காட், ஏர்போர்ட், ரயில்பாதை என்று எதற்காவது பட்டா நிலம் எடுக்கப்படும் குடும்பங்களுக்காக எழுதியது இது. நிலத்தை எடுக்கலாமா கூடாதா என்ற சண்டை தனி. அந்தச் சண்டையில் இருப்பவர்களும் இழப்பீட்டுக் காகிதங்களைத் தயாராக வைத்திருப்பது நல்லது. பணம் எவ்வளவு என்பது, செக் வருவதற்கு ரொம்ப முன்னாலேயே, யாரும் கவனிக்காத நாட்களில் முடிவாகிவிடுகிறது.

நோட்டீஸ் வந்திருக்கிறது. முதலில் என்ன பார்க்க வேண்டும்?

எந்தச் சட்டத்தின் கீழ் வந்திருக்கிறது என்று பாருங்கள், அதுதான் முதல் வேலை. நோட்டீஸின் தலைப்பிலேயே இருக்கும். 2013-ஆம் ஆண்டு மத்திய நில எடுப்புச் சட்டமா, 1956-ஆம் ஆண்டு தேசிய நெடுஞ்சாலைச் சட்டமா, இல்லை தமிழ்நாடு அரசின் தனிச் சட்டங்களா? மாநிலச் சட்டங்களில் முக்கியமானவை இரண்டு: சிப்காட் போன்றவற்றுக்குப் பயன்படும் 1997-ஆம் ஆண்டு தொழில் நோக்க நில எடுப்புச் சட்டம், மாநில நெடுஞ்சாலைகளுக்கான 2001-ஆம் ஆண்டு சட்டம்.

எதற்கு இவ்வளவு கவனம் என்றால், ஆட்சேபணை சொல்ல எத்தனை நாள், தொகை போதவில்லை என்றால் யாரிடம் போவது என்பதெல்லாம் சட்டத்துக்குச் சட்டம் மாறும். 2013 சட்டத்தில் முதல்நிலை அறிவிப்பு வந்து 60 நாளுக்குள் ஆட்சேபணை கொடுக்கலாம். தேசிய நெடுஞ்சாலை என்றால் வெறும் 21 நாள்தான். பக்கத்து ஊர்க்காரர் "இரண்டு மாசம் டைம் இருக்கு" என்று சொன்னதை நம்பி உட்கார்ந்திருந்து நாளைக் கோட்டை விட்டவர்கள் நிறைய.

அப்புறம் புல எண், உட்பிரிவு, எடுக்கப்படும் பரப்பு, உங்கள் பெயர், நிலத்தின் வகை. புஞ்சையா, நஞ்சையா, மனையா? கிணற்றுப் பாசனத்தில் வருஷம் முழுக்க விளையும் நிலம் பழைய பதிவேட்டில் வெறும் புஞ்சை என்று கிடக்கும், விலை அந்த வகையை வைத்துத்தான் ஆரம்பிக்கும்.

மாநிலச் சட்டத்தில் எடுத்தால் பணம் குறைவாகக் கிடைக்குமா?

தொகை கணக்கிடும் முறை ஒன்றுதான், அதில் பயப்பட வேண்டாம். மாநிலச் சட்டங்களை 2019 ஜூலையில் சென்னை உயர் நீதிமன்றம் செல்லாது என்றது, உடனே தமிழ்நாடு அரசு அவற்றுக்கு உயிர் கொடுக்க ஒரு புதுச் சட்டம் கொண்டுவந்தது, அதை 2021 ஜூனில் உச்ச நீதிமன்றம் செல்லும் என்று சொல்லிவிட்டது. இந்தச் சட்டங்களில் எடுத்தாலும் இழப்பீடு 2013 சட்டத்தின் முதல் அட்டவணைப்படிதான். நாம் இழப்பது வேறு விஷயம்: எடுப்பதற்கு முன் ஊரில் நடக்க வேண்டிய சமூகத் தாக்க மதிப்பீடு, அதன் பொது விசாரணை இதெல்லாம் கிடையாது. என் பார்வையில் அது பெரிய இழப்பு. யார் யாருடைய பிழைப்பு போகிறது என்பது காகிதத்தில் ஏறுவதே அந்த மதிப்பீட்டில்தான்.

விலையை எப்படித்தான் கணக்குப் போடுகிறார்கள்?

இந்தக் கேள்வியை மட்டும் நிதானமாகப் படியுங்கள், மீதியெல்லாம் இதிலிருந்துதான் வருகிறது.

முதலில் சந்தை மதிப்பு. 2013 சட்டத்தின் 26-ஆம் பிரிவு இப்படிச் சொல்கிறது: பத்திரப்பதிவுக்கான மதிப்பு (இதைத்தான் வழிகாட்டி மதிப்பு என்கிறோம்) ஒன்று, அந்த ஊரிலோ பக்கத்து ஊரிலோ அதே மாதிரி நிலம் விற்ற சராசரி விலை ஒன்று, தனியார் நிறுவனத்துக்கோ அரசு-தனியார் கூட்டுத் திட்டத்துக்கோ எடுக்கும்போது சம்மதித்த தொகை ஒன்று. இவற்றில் எது அதிகமோ அதை எடுக்க வேண்டும். சராசரி விலைக்கு முந்தைய மூன்று வருஷப் பத்திரங்களை எடுத்து, அதில் விலை அதிகமான பாதிப் பத்திரங்களை மட்டும் வைத்துச் சராசரி பார்க்க வேண்டும். எல்லாப் பத்திரத்தையும் போட்டுக் கலக்கிச் சராசரி எடுத்தால் அது சட்டப்படி தப்பு.

இதோடு ஒரு பெருக்கல் காரணி. நகரப் பகுதிக்கு 1, கிராமப் பகுதிக்கு 1 முதல் 2 வரை, நகரத்திலிருந்து எவ்வளவு தூரம் என்பதைப் பொறுத்து மாநில அரசு ஆணை மூலம் வைக்கும். வரும் தொகையோடு மரம், கிணறு, கட்டடம் எல்லாவற்றின் மதிப்பையும் கூட்ட வேண்டும். கூட்டி வந்த தொகைக்குச் சமமாக, அதாவது 100 சதவீதம், ஆறுதல் தொகை. இது போக முதல் அறிவிப்பு நாளிலிருந்து அவார்டு (இழப்பீடு இவ்வளவு என்று முடிவு செய்யும் ஆணை) போடும் நாள் வரைக்கும், அதற்கு முன்னாலேயே நிலத்தை எடுத்துக்கொண்டால் அந்த நாள் வரைக்கும், சந்தை மதிப்பின் மேல் வருஷத்துக்கு 12 சதவீதம்.

ஒரு கணக்கு போட்டுப் பார்ப்போம். ஒரு ஏக்கர், வழிகாட்டி மதிப்பு 8 லட்சம், பத்திரச் சராசரி 20 லட்சம், காரணி 1.25, மரமும் போர்வெல்லும் சேர்த்து 3 லட்சம், இடைவெளி ஒன்றரை வருஷம் என்று வைத்துக்கொள்ளுங்கள். பத்திர விலையில் போட்டால்: 20-ஐ 1.25-ஆல் பெருக்க 25, மரம் சேர்த்து 28, ஆறுதல் தொகை சேர்த்து 56, பன்னிரண்டு சதவீதம் 3.6, ஆக 59 லட்சத்து 60 ஆயிரம். வழிகாட்டி மதிப்பிலேயே நிறுத்திவிட்டால்: 10, மரம் சேர்த்து 13, இரண்டு மடங்காகி 26, அதோடு 1.44, ஆக 27 லட்சத்து 44 ஆயிரம்.

அதே நிலம், அதே சட்டம், அதே அலுவலகம். முதல் வரியில் எந்த எண் உட்கார்ந்தது என்பதுதான் பாதிக்கு மேல் வித்தியாசம். அதனால்தான் "அரசு நாலு மடங்கு தருது" என்ற பேச்சை வைத்துக்கொண்டு யாரும் நிம்மதியாகத் தூங்கக் கூடாது என்கிறேன். எதன் மேல் மடங்கு என்று கேளுங்கள்.

எங்கள் ஊரில் எல்லோரும் வழிகாட்டி மதிப்புக்குத்தான் பத்திரம் போட்டிருக்கிறோம். இப்போது என்ன செய்வது?

கஷ்டமான இடம் இதுதான். முத்திரைத்தாள் செலவை மிச்சம் பிடிக்க 30 லட்சத்துக்கு வாங்கிய நிலத்தை 8 லட்சத்துக்குப் பதிவு செய்வது ஊர் வழக்கமாகவே ஆகிவிட்டது, இப்போது அதே பத்திரங்களை அரசு எடுத்துக் காட்டுகிறது. போதாததற்கு, தமிழ்நாட்டில் வழிகாட்டி மதிப்பை 2017 ஜூனில் 33 சதவீதம் குறைத்தார்கள், 2023-இல்தான் பழைய அளவுக்குக் கொண்டுவந்தார்கள். இடைப்பட்ட காலத்தில் முதல்நிலை அறிவிப்பு வந்த நிலம் என்றால் இந்த விஷயத்தை மனுவில் கட்டாயம் எழுதுங்கள்.

ஆனாலும் வழி இல்லாமல் இல்லை. பதிவுத்துறை இணையதளத்தில் புல எண் வாரியாக வில்லங்கம் பார்க்கலாம், பார்ப்பதற்குக் காசு கிடையாது. உங்கள் ஊர், சுற்றியுள்ள ஊர்கள், அறிவிப்புக்கு முந்தைய மூன்று வருஷம், எல்லாவற்றையும் அலசுங்கள். வங்கிக் கடனோடு வாங்கியவர்கள், வெளியூர் கம்பெனிக்கு விற்றவர்கள், சிப்காட்டுக்குப் பக்கத்தில் குடோனுக்கு வாங்கியவர்கள், இவர்களுடைய பத்திரங்களில் உண்மை விலை இருக்க வாய்ப்பு அதிகம். அப்படிப் பத்து பத்திரம் கிடைத்தாலும் சார்பதிவாளர் அலுவலகத்தில் சான்றிட்ட நகல் வாங்கி, புல வரைபடத்தில் அந்த நிலம் எங்கே உங்கள் நிலம் எங்கே என்று குறித்து, விசாரணை நாளில் கையில் கொடுத்து ஒப்புகை வாங்குங்கள்.

மனைப் பத்திரத்தைக் காட்டினால் "அது பிளாட்டு, இது வயல்" என்று ஒதுக்குவார்கள். பெரிய பரப்புக்குச் சின்ன மனை விலையை அப்படியே தர மாட்டார்கள், உண்மைதான். ஆனால் சாலை, வாய்க்கால் போன்ற வளர்ச்சிச் செலவுக்கு ஒரு பங்கைக் கழித்துவிட்டு மனை விலையை ஆதாரமாக எடுப்பது நீதிமன்றங்களில் நடப்பதுதான். அதனால் கொடுக்காமல் விட்டுவிடாதீர்கள். இன்று நீங்கள் கொடுக்காத பத்திரத்துக்காக நாளைக்கு வக்கீல் திண்டாட வேண்டியிருக்கும்.

இதனால் நிஜமாகவே தொகை உயர்ந்திருக்கிறதா?

உயர்ந்திருக்கிறது. தமிழ்நாட்டில் ஒரு தேசிய நெடுஞ்சாலைக்காக எடுத்த நிலம் சம்பந்தமான வழக்கு 2021 ஜூலையில் உச்ச நீதிமன்றத்தில் முடிந்தது. அதிகாரி வழிகாட்டி மதிப்பை வைத்துச் சதுர மீட்டருக்கு 46.55 ரூபாயிலிருந்து 83.15 ரூபாய் வரை போட்டிருந்தார். நடுவராக இருந்த கலெக்டரும் அதையே உறுதி செய்தார். மாவட்ட நீதிமன்றம் அதை 645 ரூபாய் ஆக்கியது. அவார்டை ரத்து செய்யலாமே தவிர நீதிமன்றமே தொகையைத் திருத்தி எழுத முடியாது என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆனால் அந்த விவசாயிகளுக்குக் கிடைத்த உயர்வில் கை வைக்கவில்லை. (2025-இல் ஐந்து நீதிபதிகள் அமர்வு சில சூழலில் நீதிமன்றம் திருத்தவும் செய்யலாம் என்று கொஞ்சம் இடம் கொடுத்திருக்கிறது.)

46 எங்கே, 645 எங்கே. அந்த மக்கள் முதல் தொகையோடு வீட்டுக்குப் போயிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று நினைத்தாலே வயிறு எரிகிறது.

மரம், கிணறு கணக்கெடுக்க வருகிறார்களாம். நான் கூட இருக்க வேண்டுமா?

கட்டாயம் இருங்கள். வெளியூரில் வேலை என்றால் லீவு போட்டு வாருங்கள். அன்றைக்கு எழுதும் பட்டியலில் இல்லாத எதற்கும் பின்னால் பணம் வாங்குவது பெரும்பாடு.

சர்வேயர், விஏஓ, தோட்டக்கலைக்காரர், பொதுப்பணித்துறை பொறியாளர் எல்லாம் ஒரே நாளில் வர மாட்டார்கள். ஆளுக்கொரு நாள் வருவார்கள். தென்னை என்றால் எண்ணிக்கை மட்டும் போதாது: எத்தனை காய்ப்பு மரம், எத்தனை கன்று, வயது என்ன என்பதும் எழுத வேண்டும், மதிப்பு அதில்தான் மாறும். வரப்போரம் நிற்கும் தேக்கு, வேம்பு, பனை விட்டுப்போகும். போர்வெல்லுக்கு ஆழமும் குழாய் இறக்கிய அளவும், கிணறு என்றால் அகலம், ஆழம், கல் கட்டடமா வெறும் வெட்டா என்பதும் ஏற வேண்டும். மண்ணுக்கடியில் ஓடும் பைப்லைன், சொட்டுநீர்க் குழாய், மோட்டார் ரூம், தண்ணீர்த் தொட்டி, மாட்டுக்கொட்டகை, கம்பிவேலி, இதெல்லாம் நீங்கள் காட்டினால்தான் ஏறும். தேதி விழும்படி வீடியோ எடுத்து வையுங்கள், போர் போட்ட பில், மின் இணைப்பு ரசீது, மானியத்தில் சொட்டுநீர் வாங்கிய காகிதம் எல்லாம் தேடி எடுங்கள். பட்டியலைப் படித்துப் பார்க்காமல் கையெழுத்துப் போடாதீர்கள். விட்டுப்போனது இருந்தால் கையெழுத்துக்கு மேலேயே "இன்னின்னவை சேர்க்கப்படவில்லை" என்று எழுதிவிட்டுப் போடுங்கள்.

நிற்கும் பயிருக்கும் தனியாகப் பணம் உண்டு. 2023 ஜூலையில் கடலூர் மாவட்டம் வளையமாதேவியில் என்எல்சி கால்வாய்க்காகக் கதிர் வந்த நெல்வயலில் இயந்திரம் இறக்கியதை ஊரே டிவியில் பார்த்தது. அந்தப் பயிருக்கு ஏக்கருக்கு 40,000 ரூபாய் கொடுக்கச் சொல்லி உயர் நீதிமன்றம் உத்தரவு போட வேண்டியிருந்தது.

நிலத்தின் நடுவில் ரோடு போகிறது. இரண்டு பக்கமும் துண்டு துண்டாக மிஞ்சுகிறது. அதற்கு?

உண்டு. நிலம் துண்டாடப்படுவதால் வரும் நஷ்டம், மிஞ்சும் நிலத்தின் பயன் குறைவது, வீடு மாற வேண்டி வருவது எல்லாம் 28-ஆம் பிரிவில் இருக்கிறது. நெடுஞ்சாலைச் சட்டத்திலும் இருக்கிறது. கேட்காமல் தானாக வராது. கிணறு ஒரு பக்கம், வயல் மறுபக்கம் என்று ஆகிவிட்டால் அதை வரைந்து காட்டுங்கள்: ரோட்டுக்கு அடியில் குழாய் கொண்டுபோக முடியுமா, டிராக்டர் சுற்றிப் போக எவ்வளவு தூரம், மழைத்தண்ணீர் எந்தப் பக்கம் தேங்கும். வீட்டில் ஒரு பகுதி மட்டும் போகிறது என்றால் முழு வீட்டையும் எடுத்துக்கொள்ளுங்கள் என்று கேட்கும் உரிமை உங்களுக்கு இருக்கிறது. அவார்டுக்கு முன்பே எழுத்தில் கேட்க வேண்டும்.

கூட்டுப்பட்டா, அப்பா பெயரில் பட்டா, அத்தைகள் பங்கு கேட்கிறார்கள்...

பெரும்பாலான குடும்பங்களில் பணம் நிற்பது இங்கேதான். வாரிசுச் சான்று, பட்டா மாறுதல், உட்பிரிவு இதெல்லாம் நோட்டீஸ் வருவதற்கு முன்னால் முடித்தவர்கள் கொடுத்து வைத்தவர்கள், மற்றவர்கள் இன்றைக்கே மனு போடுங்கள். யாருக்கு எவ்வளவு என்று தகராறு வந்தால் அதிகாரி பணத்தை, இழப்பீட்டுத் தகராறுகளை விசாரிக்கும் ஆணையத்திலோ நீதிமன்றத்திலோ கட்டிவிட்டுக் கையைக் கழுவிக்கொள்வார். பின்னே வழக்கு முடிய வருஷக்கணக்கு.

அத்தைகள், அக்கா தங்கைகள் பங்கு கேட்டால் அது ஆசை இல்லை, பெரும்பாலும் உரிமை. இந்து வாரிசுரிமையில் தமிழ்நாட்டுச் சட்டம் 1989-இல், நாடு முழுமைக்கும் 2005-இல் பெண்களுக்குப் பூர்வீகச் சொத்தில் பங்கு கொடுத்துவிட்டது. அவர்களை மறைத்து வாரிசுச் சான்று வாங்கிப் பணம் எடுத்தால் அது பிற்பாடு வழக்காகத் திரும்பி வரும், உறவும் போகும். உட்கார்ந்து பேசி, பங்கை எழுதிக் கையெழுத்துப் போட்டு, எல்லோரும் சேர்ந்து ஒரே மனுவாகக் கொடுங்கள்.

பட்டா இல்லை, குத்தகைக்கு உழுகிறோம். எங்களுக்கு ஒன்றுமே கிடையாதா?

2013 சட்டம் நிலச் சொந்தக்காரரை மட்டும் பார்க்கவில்லை. எடுப்பதற்கு முந்தைய மூன்று வருஷமாக அந்த நிலத்தை நம்பிப் பிழைத்த குத்தகைதாரர், வாரதாரர், விவசாயக் கூலிக் குடும்பங்களும் பாதிக்கப்பட்ட குடும்பங்கள்தான். அவர்களுக்கு மறுவாழ்வு உரிமைகள் இரண்டாம் அட்டவணையில் இருக்கின்றன: குடும்பத்தில் ஒருவருக்கு வேலை, அல்லது ஒரே தடவையில் 5 லட்சம், அல்லது மாதம் 2,000 ரூபாய்க்குக் குறையாமல் 20 வருஷம். இடம்பெயர வேண்டி வந்தால் ஒரு வருஷத்துக்கு மாதம் 3,000, போக்குவரத்துக்கு 50,000. அரசு ஒப்படை நிலம் வைத்திருப்பவர்களும் உரிமை கேட்கலாம்.

நடைமுறையில் இவர்கள் பெயர் பட்டியலில் ஏறுவதே அபூர்வம். அடங்கலில் பயிரிடுபவர் பெயர் இருக்காது, குத்தகை வாய்ப்பேச்சாக இருக்கும். ரேஷன் கார்டு, கூட்டுறவுச் சங்கக் கடன், நெல் கொள்முதல் ரசீது, நூறு நாள் வேலை அட்டை என்று அந்த ஊரில் வாழ்ந்ததற்கும் உழைத்ததற்கும் என்ன காகிதம் இருக்கிறதோ அதை இணைத்துக் கலெக்டருக்கு மனு கொடுங்கள். நிலச் சொந்தக்காரர்களும் இவர்களுக்காக ஒரு கடிதம் கொடுக்க வேண்டும், இத்தனை வருஷம் அவர்கள் கையால்தான் அந்த மண் விளைந்தது.

செக் கொடுக்கக் கூப்பிடுகிறார்கள். தொகை ரொம்பக் கம்மி. வாங்கலாமா, வேண்டாமா?

வாங்குங்கள். வாங்காமல் விட்டால் நிலம் நிற்கப்போவதில்லை, பணம் டெபாசிட்டுக்குப் போய்விடும். ஆனால் வாங்கும்போது எதிர்ப்பு தெரிவித்து வாங்க வேண்டும். 2013 சட்டத்தின் 77-ஆம் பிரிவு தெளிவாகச் சொல்கிறது: எதிர்ப்பு தெரிவிக்காமல் வாங்கியவர் அதிகம் கேட்டு மனு செய்ய முடியாது. ரசீதிலேயே, உங்கள் கையெழுத்துக்கு மேலே, உங்கள் கையால் இப்படி எழுதுங்கள்: "இத்தொகை போதுமானதல்ல. எதிர்ப்பு தெரிவித்தே பெற்றுக்கொள்கிறேன். உயர்த்திக் கேட்கும் உரிமையை விட்டுக்கொடுக்கவில்லை." எழுத விடவில்லை என்றால் அன்றே அதே வாசகத்தைப் பதிவுத்தபாலில் அனுப்பி ரசீதைப் பத்திரப்படுத்துங்கள்.

நேரடிப் பேச்சுவார்த்தையில் விலை பேசிச் சம்மதப் பத்திரம் கொடுப்பது வேறு. பணம் சீக்கிரம் வரும், சில சமயம் விலையும் பரவாயில்லாமல் இருக்கும். ஆனால் கையெழுத்துப் போட்டபின் உயர்த்திக் கேட்கும் கதவு மூடியது மாதிரிதான். அந்தக் காகிதத்தை வீட்டுக்குக் கொண்டுவந்து, தெரிந்த வக்கீல் ஒருவரிடம் காட்டாமல் போடாதீர்கள். "இன்னைக்கே போட்டாத்தான்" என்று அவசரப்படுத்தினால் இன்னும் நிதானமாகப் படியுங்கள்.

அவார்டுக்குப் பிறகு எங்கே போவது? எத்தனை நாளுக்குள்?

2013 சட்டம் என்றால் 64-ஆம் பிரிவில் கலெக்டருக்கு எழுத்து மூலம் மனு, அவர் அதை 30 நாளுக்குள் ஆணையத்துக்கு அனுப்ப வேண்டும். அவார்டு போடும்போது நீங்கள் நேரில் இருந்திருந்தால் அந்த நாளிலிருந்து ஆறு வாரம். நேரில் இல்லாதவர்களுக்குக் கணக்கு கொஞ்சம் மாறும், ஆனால் நீங்கள் ஆறு வாரம் என்றே மனதில் வையுங்கள். தக்க காரணம் இருந்தால் அதற்கு மேலும் ஒரு வருஷம் வரை ஏற்கலாம், ஆனால் அது கலெக்டர் மனது வைக்க வேண்டும். ஆணையம் சொன்னதும் போதவில்லை என்றால் 60 நாளுக்குள் உயர் நீதிமன்றம். உயர்த்திக் கிடைக்கும் தொகைக்கு, நிலத்தை எடுத்துக்கொண்ட நாளிலிருந்து முதல் வருஷம் 9, அதற்கு மேல் 15 சதவீத வட்டி உண்டு.

தேசிய நெடுஞ்சாலை என்றால் நடுவரிடம் போக வேண்டும், பெரும்பாலும் கலெக்டர்தான் நடுவர். அதன் பின் மாவட்ட நீதிமன்றத்துக்கு மூன்று மாதம், காரணம் காட்டினால் இன்னும் 30 நாள், அதற்கு மேல் ஒரு நாள் கூட கிடையாது. மாநிலச் சட்டங்களின் கெடுவை அவார்டு நோட்டீஸிலேயே பார்த்துக் குறித்துக்கொள்ளுங்கள். 2015-க்கு முன் நெடுஞ்சாலைக்கு நிலம் கொடுத்து ஆறுதல் தொகையே வராமல் வழக்கு நிலுவையில் இருப்பவர்கள், 2019 செப்டம்பர் உச்ச நீதிமன்றத் தீர்ப்பைப் பற்றி உங்கள் வக்கீலிடம் கேளுங்கள், ஆறுதல் தொகை மறுப்பது சமத்துவத்துக்கு விரோதம் என்று சொன்ன தீர்ப்பு அது.

நான் வழக்குப் போடவில்லை. பக்கத்துக் காட்டுக்காரருக்குக் கூடுதலாகக் கிடைத்துவிட்டது. எனக்கு?

ஒரே அறிவிப்பில் எடுக்கப்பட்ட நிலம் என்றால், ஆணையம் அவருக்குத் தீர்ப்பளித்த நாளிலிருந்து மூன்று மாதத்துக்குள் 73-ஆம் பிரிவில் கலெக்டரிடம் நீங்களும் கேட்கலாம். தீர்ப்பு வந்ததை யாரும் வீடு தேடி வந்து சொல்ல மாட்டார்கள். அதனால் ஊரில் யார் யார் மனு போட்டிருக்கிறார்கள், எந்த நிலையில் இருக்கிறது என்று ஒரு நோட்டில் எழுதி வைத்து அவ்வப்போது கேட்டுக்கொண்டே இருங்கள்.

வந்த பணத்துக்கு வருமான வரி உண்டா?

2013 சட்டத்தின் கீழ் வந்த அவார்டுக்கு 96-ஆம் பிரிவில் வரி விலக்கு உண்டு, 2016-இல் வரித்துறையே சுற்றறிக்கை போட்டு உறுதி செய்தது. பிடித்தம் செய்திருந்தால் ரிட்டர்ன் தாக்கல் செய்து திரும்பக் கேளுங்கள். மற்ற சட்டங்களில் வந்த பணத்துக்கும் வட்டிக்கும் ஆடிட்டரிடம் கேட்டுவிட்டுச் செய்யுங்கள்.

கேஸ் பைப் போகிறது, கரண்ட் டவர் வைக்கிறார்கள். இதே கணக்குதானா?

இல்லை. அங்கே நிலம் உங்கள் பெயரிலேயே இருக்கும், பயன்படுத்தும் உரிமையை மட்டும் எடுப்பார்கள். எரிவாயுக் குழாய்க்கு 1962-ஆம் ஆண்டுச் சட்டம், அதில் நிலத்தின் சந்தை மதிப்பில் வெறும் 10 சதவீதம், பயிர் சேதம் தனி. குழாய் போன பாதையில் வீடு கட்ட முடியாது, மரம் வைக்க முடியாது, கிணறு வெட்ட முடியாது. இதற்குப் பத்து சதவீதம் என்பது அநியாயம் என்று கொங்கு மண்டல விவசாயிகள் வருஷக்கணக்காகச் சொல்லி வருகிறார்கள், அது முழுக்க நியாயமான கோரிக்கை.

வக்கீல் "வர்றதுல இத்தனை சதவீதம் கொடுங்க" என்கிறார்.

கிடைக்கும் தொகையில் பங்கு என்று வக்கீல் பேசுவதற்கு இந்தியாவில் அனுமதி கிடையாது. பீஸ் எவ்வளவு என்று முன்பே பேசி எழுதிக்கொள்ளுங்கள். வெற்றுத்தாளில், நிரப்பாத செக்கில் கையெழுத்து வேண்டவே வேண்டாம். ஒரே அறிவிப்பில் நிலம் இழந்தவர்கள் சேர்ந்து ஒரு வக்கீல் வைத்தால் பத்திர நகல் செலவும் பீஸும் பிரியும், ஒரே ஆதாரம் எல்லோருக்கும் பயன்படும். கையில் காசே இல்லை என்றால் மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் இருக்கும் சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்குப் போய் மனு கொடுங்கள். பெண்கள், பட்டியலினத்தவர், பழங்குடியினர் வருமானம் எவ்வளவு இருந்தாலும் அங்கே இலவச வக்கீல் கேட்கலாம்.